சொட்டுற குழாயும் நானும்

மார்ச் 3, திங்கள்
லீவு போட்டு இன்னைக்கு 11வது நாள். நல்லா தூங்கினா சரியாயிடும்னு நெனச்சேன், தூக்கம் என்னமோ வந்துச்சு, வேற எதுவும் திரும்பி வரல. மேனேஜருக்கு ஒரு மெயில் அடிக்க உக்காந்து நாலு வரிய பத்து தடவ அழிச்சுட்டு லேப்டாப்ப மூடி வச்சுட்டேன். 9 வருஷமா இந்த வேலைய பாக்குறவன் நான். இதுல பாத்ரூம் குழாய் வேற ராத்திரி பூரா சொட்டு சொட்டுன்னு.

மார்ச் 5, புதன்
பர்ன்அவுட், அதாவது வேலை பாத்து பாத்தே ஓஞ்சு போறது, அத பத்தி படிச்சேன். உலக சுகாதார நிறுவனம் ஐசிடி-11ங்குற நோய் வகைப் பட்டியல்ல இத வியாதின்னு போடல, வேலையால வர்ற ஒரு நிலைன்னு தான் சொல்லுது. சக்தியெல்லாம் வத்திப் போறது, வேலை மேலயே கசப்பு வர்றது, மூணாவதா நம்மளால உருப்படியா ஒன்னும் செய்ய முடியலங்குற நெனப்பு. அந்த மூணாவதுல அப்படியே நின்னுட்டேன். இத்தன நாளா அது என் லட்சணம்னுல்ல நெனச்சுட்டு இருந்தேன்!

மார்ச் 8, சனி
அக்கா போன் பண்ணி "நீ யாருடா, உன்னால முடியாததா"ன்னு அரை மணி நேரம் பேசினா. பாசமாத்தான் பேசினா, ஆனா காதோட நின்னுடுச்சு. ஆல்பர்ட் பண்டூரான்னு ஒரு உளவியல் ஆராய்ச்சியாளர் 1977லயே எழுதியிருக்காரு, முடியும்ங்குற நம்பிக்கை வர நாலு வழி இருக்குன்னு. அடுத்தவங்க தைரியம் சொல்றதும் அதுல ஒன்னு தான், ஆனா நாமளே ஒன்ன செஞ்சு முடிக்கிறதுக்குத்தான் பலம் ஜாஸ்தியாம். அப்போ அக்கா மேல தப்பில்ல, நான் தான் எதையும் முடிக்கல.

மார்ச் 9, ஞாயிறு
குழாய கழட்டிட்டேன். மெயின் வால்வ அடைக்க மறந்து மூஞ்சிலயே அடிச்சுது தண்ணி, அப்புறம் வாங்கின வாஷர் சைஸ் சரியில்ல, மறுபடி கடைக்கு ஓடி, அரை மணி நேர வேலைக்கு மூணு மணி நேரம். பழைய வாஷர் ஒரு பக்கம் பூரா தேஞ்சு போயிருந்துச்சு, அதையும் தூக்கிப் போடாம மேஜைல வச்சிருக்கேன், ஏன்னு கேக்காதீங்க. ராத்திரி ஒரு மணிக்கு எழுந்து போய் நின்னு கேட்டேன். சத்தமே இல்ல.

மார்ச் 13, வியாழன்
மறுபடி மோசம். குழாய் சரி பண்ணவன் தான், படுக்கைய விட்டு எழுந்திரிக்க மதியம் ஆச்சு.

மார்ச் 16, ஞாயிறு
டீம்ல புதுசா சேந்த பையன் தயங்கித் தயங்கி கூப்பிட்டான், ஒரு டவுட்டு. ஒரு மணி நேரம் பேப்பர்ல படம் போட்டு போட்டோ எடுத்து அனுப்பி அனுப்பி சொல்லிக் குடுத்தேன், "இப்ப புரியுதுண்ணா"ன்னான். வச்சதுக்கப்புறம் தான் கவனிச்சேன், அந்த ஒரு மணி நேரமும் நான் என்னப் பத்தி யோசிக்கவே இல்ல. ரெண்டு வருஷம் முன்ன லீட் ஆனதுலேந்து நான் மீட்டிங் ஓட்டுறேன், எக்செல் நிரப்புறேன், யாருக்கும் எதையும் சொல்லிக் குடுத்ததே இல்ல.

மார்ச் 17, திங்கள்
மெயில் போயிடுச்சு. லீட் பொறுப்பு வேணாம், புதுசா வர்றவங்களுக்கு ட்ரெயினிங் குடுக்குற வேலைய தாங்கன்னு கேட்டிருக்கேன். நாலு வரி, ஒரு தடவ தான் அழிச்சேன். பதில் இன்னும் வரல, காலைலேந்து இன்பாக்ஸ ஆறு தடவ பாத்தாச்சு.