மூன்று நாள் ஓ.டி.

ஐந்தாம் செமஸ்டரில் எனக்கு ஷார்ட்டேஜ், அதாவது வருகைப்பதிவு குறைவு. ஊர் சுற்றியதால் இல்லை, குறுவையால். அப்பாவுக்குக் கால் முறிந்து ஆஸ்பத்திரியில் கிடந்தார். அப்புறம் அறுவடை. அறுத்த நெல்லை டி.பி.சி. என்கிற அரசு நேரடி நெல் கொள்முதல் நிலையத்து வாசலில் கொட்டிவிட்டு, மழை வந்தால் தார்ப்பாய் போர்த்துவதும் வெயில் வந்தால் விலக்கிக் கிளறுவதுமாக நாட்கள் போயின. ஈரப்பதம் 17 சதவீதத்தைத் தாண்டினால் மூட்டை பிடிக்க மாட்டார்கள்.

கல்லூரிக்குத் திரும்பினால் நோட்டீஸ் போர்டில் என் எண்ணுக்கு நேரே வருகை 63.3 சதவீதம். தொண்ணூறு வேலை நாளில் 57. எங்கள் விதிப்படி 75 இருந்தால் நேரே ஹால் டிக்கெட். 65-க்கு மேல் என்றால் தக்க காரணம் காட்டி, குறைவை மன்னிக்கக் கேட்டு கண்டோனேஷன் கட்டணம் கட்ட வேண்டும். அதற்கும் கீழே என்றால் எழுத முடியாது. இது பல்கலைக்கழகத்துக்குப் பல்கலைக்கழகம் மாறும். சீனியர் சொன்னதை நம்பாமல் உங்கள் ரெகுலேஷனை நீங்களே படியுங்கள்.

"மெடிக்கல் சர்டிபிகேட் வாங்கிக்கலாம்டா" என்று ஆளாளுக்கு யோசனை சொன்னார்கள். வகுப்பில் ஒருவன் டைபாய்டு என்று பத்து நாளுக்கு வாங்கி வந்தான். அதில் இரண்டு நாள் அவனுக்கு வகுப்பில் பிரசென்ட் போட்டிருந்தது. அதோடு அவன் கதை முடிந்தது.

கோர்ட்டுக்குப் போகலாமா என்று வக்கீலாக இருக்கும் சித்தப்பாவிடம் கேட்டேன். கல்லூரி தஞ்சாவூர் மாவட்டத்தில் இருந்தால் ரிட் மனு உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில், மன்னார்குடி, நாகப்பட்டினம் பக்கம் என்றால் சென்னையில் என்றார். போவது சுலபம், ஜெயிப்பதுதான் கஷ்டமாம். கண்டோனேஷன் மாணவனின் உரிமை இல்லை. விதி 65 என்று இருக்கும்போது 63-க்கு இரக்கம் காட்ட நீதிபதிகள் பொதுவாக முன்வருவதில்லை. இடைக்கால உத்தரவு கிடைத்தால் தேர்வு எழுதலாம், ஆனால் ரிசல்ட்டை நிறுத்தி வைப்பார்கள். கடைசியில் மனு தள்ளுபடியானால் எழுதியதும் செல்லாமல் போகலாம்.

2025 நவம்பரில் தில்லி உயர் நீதிமன்றம், வருகைக் குறைவைக் காட்டிச் சட்ட மாணவர்களைத் தேர்வெழுத விடாமல் நிறுத்தக் கூடாது என்றது. எங்கள் வாட்ஸ்அப் குழுவில் அது 'எல்லாருக்கும் 75 ரத்து' என்று வந்து சேர்ந்தது. நான் பி.காம். எனக்கும் அதற்கும் சம்பந்தமில்லை.

"சட்டத்தை விடுப்பா, கணக்கை எடுத்துட்டு வா" என்றார் சித்தப்பா. விதியைச் சரியாகப் பின்பற்றவில்லை, கணக்கு தப்பு என்று காட்ட முடிந்தால்தான் கோர்ட்டே காது கொடுக்குமாம். சரி என்று டிபார்ட்மென்டில் கேட்டு, பதிவேட்டை நாள் நாளாகப் பார்த்து எழுதினேன். ஆகஸ்டில் என்.எஸ்.எஸ். முகாமுக்குப் போன மூன்று நாளும் ஆப்சென்ட். கல்லூரி வேலையாக வெளியே போன நாளை வந்ததாகக் கணக்கில் சேர்க்கும் ஓ.டி. (ஆன் டியூட்டி) படிவத்தில் துறைத் தலைவரான எச்.ஓ.டி. கையெழுத்து இருந்தது, ஆபீஸில் ஏற்றவில்லை. நல்லவேளை, ஜெராக்ஸ் என்னிடம் இருந்தது.

பிரின்சிபாலுக்கு ஒரு பக்கத்தில் மனு எழுதினேன். மூன்று தேதிகள், ஓ.டி. ஜெராக்ஸ், அப்பாவின் டிஸ்சார்ஜ் சம்மரி, அவ்வளவுதான். குடும்பக் கஷ்டத்தை இரண்டு வரிக்கு மேல் எழுதவில்லை. மனுவின் நகலில் தேதியோடு சீல் வாங்கிக்கொண்டேன். கிளார்க் அக்கா முகம் சுளித்தார்கள்தான். இருந்தாலும் கேட்டு வாங்குங்கள், பின்னால் கோர்ட் வரை போக நேர்ந்தால் அந்தச் சீல்தான் பேசும்.

57 அறுபதாயிற்று, 66.7. கண்டோனேஷன் கட்டினேன். முதல் தேர்வுக்கு முந்தின நாள் சாயங்காலம் ஹால் டிக்கெட் கைக்கு வந்தது. நெல்லுக்கான பணம் அதற்கும் பத்து நாள் கழித்துத்தான் அப்பா கணக்கில் ஏறியது.