தீர்ந்து போகும் சரக்கு

விற்பனைப் பயிற்சி வகுப்பு எதற்குப் போனாலும் பிலிம் கம்பெனியான கோடாக்கின் கதை வந்துவிடும். 1975-லேயே ஸ்டீவ் சாசன் என்ற அவர்களுடைய பொறியாளர் டிஜிட்டல் கேமராவைச் செய்து காட்டினார், நிர்வாகம் கண்டுகொள்ளவில்லை, 2012 ஜனவரியில் திவால் பாதுகாப்பு கேட்டு நீதிமன்றம் போனார்கள், ஆகவே மாற்றத்துக்குத் தயாராக இருங்கள் என்று முடிப்பார்கள். அப்புறம் டீ, சமோசா. எக்ஸ்ரே பிலிம் விற்றுக் குடும்பம் நடத்தியவன் என்ற முறையில் அந்தக் கதையில் எனக்கு ஒரு குறை உண்டு. அதில் முதலாளிகள் மட்டும்தான் வருகிறார்கள். பிலிமைக் காசு கொடுத்து வாங்கியவர்கள் ஒருவர்கூட வருவதில்லை.

நான் வேலை பார்த்தது ஒரு பெரிய இமேஜிங் கம்பெனியின் டீலரிடம். பெயர் வேண்டாம். வடசென்னையில் மின்ட்டில் தொடங்கி பழைய வண்ணாரப்பேட்டை, ராயபுரம், தண்டையார்பேட்டை, திருவொற்றியூர், எண்ணூர். மேற்கே வியாசர்பாடி, பெரம்பூர், மணலி. இவ்வளவும் என் ஏரியா. ஸ்டான்லி மாதிரி பெரிய அரசு ஆஸ்பத்திரிகளெல்லாம் டெண்டர் விவகாரம், அதற்கு வேறு ஆட்கள். எனக்கு வாய்த்தது தெருமுனை எக்ஸ்ரே சென்டர்கள், சின்ன நர்சிங் ஹோம்கள், தொழிற்சாலைகளுக்கு மெடிக்கல் செக்கப் செய்து கொடுக்கும் கிளினிக்குகள். துறைமுகமும் தொழிற்சாலைகளும் நெருக்கமான வீடுகளும் இருக்கும் பகுதி. நெஞ்சு எக்ஸ்ரேவுக்கு ஓய்வே கிடையாது.

தொழிலின் சூத்திரம் ரொம்ப எளிமை. மெஷின் விற்றால் லாபம் ஒரு தடவை. பிலிம், படத்தை வெளிக்கொண்டுவரும் டெவலப்பர், அதை நிலைநிறுத்தும் ஹைப்போ ரசாயனம் விற்றால் மாதா மாதம். இந்த மாதம் வாங்கியது அடுத்த மாதம் தீர்ந்தே ஆக வேண்டும். தீரத் தீர நாங்கள் போய் நிற்போம். பண்டிகைக்கு இனிப்பு, புது வருஷத்துக்கு டைரி, நடுவில் டாக்டருடைய பையன் எந்தக் காலேஜில் சேர்ந்தான் என்ற விசாரிப்பு. இந்த உறவெல்லாம் பிலிம் தீர்ந்துபோவதால் வந்தது. டிஜிட்டல் வந்தபோது ஆட்டம் கண்டது இதுதான். படம் எப்படி உருவாகிறது என்ற விஞ்ஞானம் மாறியது எங்களுக்குப் பெரிய அதிர்ச்சி இல்லை. எங்களை வாராவாரம் வரச் சொன்ன காரணம் போய்விடுமே என்பதுதான் கவலை.

பிலிம் பெட்டியைப் பைக்கில் கொண்டுபோவதே ஒரு கலை. படுக்கப் போட்டு அடுக்கக் கூடாது, அடியில் இருப்பதில் அழுத்தத் தடம் விழும். நிறுத்தித்தான் வைக்க வேண்டும். வெயில் படக் கூடாது. திருவொற்றியூர் நெடுஞ்சாலையில் கன்டெய்னர் லாரிகளுக்கு நடுவில் மாட்டிக்கொண்டு, மே மாத மதியத்தில், பின்னால் கட்டியிருக்கும் பெட்டியின் சூட்டை நினைத்துப் பதறியவர்களுக்குத்தான் அது புரியும்.

இனி டார்க் ரூம். புத்தகத்தைப் பார்த்தால் டெவலப்பர் 20 டிகிரியில் இருக்க வேண்டும், பிலிம் அதில் சுமார் 5 நிமிடம் இருக்க வேண்டும் என்று போட்டிருக்கும். ராயபுரத்தில், ஜன்னல் இல்லாத ஒரு மாடிப்படி அடி அறையில், கோடையில் 20 டிகிரிக்கு எங்கே போவது? காசிமேட்டில் மீனுக்கு உடைக்கிற ஐஸ்கட்டிதான் எங்களுக்கும் கை கொடுத்தது. டேங்கைச் சுற்றியிருக்கும் தொட்டித் தண்ணீரில் ஐஸைப் போட்டுக் குளிர வைப்பார்கள். டெவலப்பருக்குள்ளேயே போட்டுவிடும் புது ஆட்களும் இருந்தார்கள். அது கரைந்து டெவலப்பர் நீர்த்துப்போய், படம் வெளிறி வந்து, கடைசியில் பழி எங்கள் பிலிம் மேல் விழும். ஐஸும் இல்லாத நாளில் அனுபவஸ்தர்கள் நேரத்தைக் குறைத்துக்கொள்வார்கள். சிவப்பு விளக்கு வெளிச்சத்தில் ஹேங்கரைத் தூக்கிப் பார்த்து, விலா எலும்பு தெரிகிற பதத்தை வைத்தே நிறுத்திவிடுவார்கள். தண்டையார்பேட்டையில் ஒரு டெக்னீஷியன் அண்ணன் கடிகாரத்தையே பார்க்க மாட்டார். அவர் எடுக்கும் படத்தைக் குறை சொன்ன டாக்டரை நான் பார்த்ததில்லை.

சூட்டுக்காவது ஐஸ் இருந்தது, தண்ணீருக்கு என்ன செய்வது? ஹைப்போவிலிருந்து எடுத்த பிலிமை ஓடுகிற தண்ணீரில் நன்றாக அலச வேண்டும். இல்லாவிட்டால் மிச்சமிருக்கும் ரசாயனம் நாளாக நாளாகப் படத்தைப் பழுப்பாக்கிவிடும். 2003, 2004 வறட்சியில் சென்னைக் குழாய்களில் காற்று வந்ததை யாரும் மறந்திருக்க மாட்டார்கள். குடிக்கவே லாரித் தண்ணீர். இதில் பிலிம் அலச எங்கே போவது? போர் தண்ணீரில் அலசினால் வடசென்னை உப்பு, காய்ந்த பிறகு வெள்ளை வெள்ளையாகப் பூக்கும். நெஞ்சு எக்ஸ்ரேயில் ஒரு வெள்ளைப் புள்ளி என்றால் சும்மாவா? டிபியோ என்று சந்தேகப்பட்டு மறுபடியும் எடுக்கச் சொல்லுவார்கள்.

எங்கள் கம்பெனி மேடை போட்டுப் பேசியதெல்லாம் படத் தரம், துல்லியம், கம்ப்யூட்டரில் பெரிதாக்கிப் பார்க்கும் வசதி. என் ஏரியாவில் டிஜிட்டல் பற்றி முதலில் விசாரித்தவர்கள் கேட்ட கேள்வி வேறு: "இதுக்குத் தண்ணி வேணாமா தம்பி?"

வேண்டாம். அதுதான் சி.ஆர். என்கிற கம்ப்யூட்டட் ரேடியோகிராபியின் அழகு. ஃபியூஜி நிறுவனம் அதை 1983-லேயே விற்பனைக்குக் கொண்டுவந்துவிட்டது, நம் தெருவுக்கு வர இருபது வருஷத்துக்கு மேல் ஆனது. பிலிம் இருந்த இடத்தில் பாஸ்பர் பூசிய ஒரு தகடு. எக்ஸ்ரே பட்டதும் அது சக்தியைப் பிடித்து வைத்துக்கொள்ளும். ரீடர் என்கிற மெஷினுக்குள் சிவப்பு லேசர் அதைத் தடவிக்கொண்டே போகும்போது, பிடித்து வைத்ததை நீல ஒளியாக வெளியே விடும். அந்த ஒளியை அளந்து கம்ப்யூட்டர் படமாக்கும். பிறகு பளிச்சென்ற வெளிச்சம் காட்டித் தகட்டைத் துடைத்தால் அடுத்த ஆளுக்குத் தயார். தகட்டை வைக்கும் கேசட் பழைய அளவேதான், பழைய எக்ஸ்ரே மெஷினையும் மாற்ற வேண்டாம். சின்ன சென்டர்கள் துணிந்து இறங்கியதற்குக் காரணம் இந்தக் கடைசி விஷயம்.

சரி, ஒரே தகட்டில் ஆயிரக்கணக்கில் படம் எடுக்கலாம் என்றால் நாங்கள் மாதா மாதம் எதை விற்பது? இங்கேதான் நோயாளி வருகிறார்.

ஒரு சென்டரில் செலவைக் குறைக்கலாம் என்று பிலிமை விட்டுவிட்டு, படத்தைச் சாதாரணப் பேப்பரில் அச்சடித்துக் கொடுத்துப் பார்த்தார்கள். கவுன்டரில் ஒரு அம்மா பிடித்துக்கொண்டார்: "இன்னாபா இது, காசு வாங்கிக்கினு வெறும் பேப்பரக் குடுக்குற? படம் எங்க?" அவர் கேட்டதில் நியாயம் இருந்தது. அந்தப் படத்தை வைத்துக்கொண்டு நாளைக்கு அவர் ஸ்டான்லிக்குப் போவார், வேறு டாக்டரிடம் போவார், ஊரிலிருந்து வரும் சொந்தக்காரருக்கும் காட்டுவார். பல வருஷத்துப் பழைய படத்தைக் கவரோடு பீரோவுக்குப் பின்னால் பத்திரமாக வைத்திருக்கும் வீடுகள் அங்கே நிறைய. டாக்டர்களும் ஜன்னல் பக்கம் தூக்கிப் பிடித்துப் பார்த்துப் பழகியவர்கள். சின்ன கிளினிக்கில் கம்ப்யூட்டர் இருந்தாலும் அது பில் போடத்தான்.

அந்த அம்மாவைப் போன்றவர்கள்தான் எங்களுக்குப் பல வருஷம் சம்பளம் கொடுத்தார்கள். டிஜிட்டல் படத்தை டிரை பிலிமில் அச்சடித்துக் கொடுக்கும் வியாபாரம் பிறந்தது. தண்ணீர் இல்லை, ரசாயனம் இல்லை, சூட்டிலேயே படம் விழும் பிலிம். ரீடரையும் பிரிண்டரையும் குறைந்த விலைக்குக் கொடுத்துவிடுவோம். பதிலுக்கு மாதம் இத்தனை பெட்டி டிரை பிலிம் எங்களிடமே வாங்க வேண்டும் என்று ஒப்பந்தம். பெயர் டிஜிட்டல், கணக்கு பழைய பிலிம் கணக்கு. வெளியிலிருந்து பார்ப்பவர்களுக்கு ஒரு கம்பெனி ஒரே தாவலில் மறுகரைக்குப் போன மாதிரி தெரியும். உள்ளே இருந்தவர்களுக்கு அது தாவலே இல்லை.

பெரிய கம்பெனிகளும் இதை நன்றாகத் தெரிந்துதான் வைத்திருந்தன. ஆக்ஃபா 2004-இல் கேமரா பிலிம் பிரிவைக் கழற்றிவிட்டது, எக்ஸ்ரேயை விடவில்லை. கோனிகா மினோல்டா 2006-இல் கேமராவும் போட்டோ பிலிமும் வேண்டாம் என்று அறிவித்தது, அதுவும் எக்ஸ்ரேயை விடவில்லை. ஃபியூஜி தன் பிலிமுக்குத் தானே எதிரியைச் செய்து, இரண்டையும் சேர்த்தே விற்றது. கோடாக் மட்டும் 2007-இல் தன் மருத்துவப் பிரிவைச் சுமார் 235 கோடி டாலருக்குக் கனடாவின் ஓனெக்ஸ் என்ற முதலீட்டு நிறுவனத்துக்கு விற்றது. அது கேர்ஸ்ட்ரீம் என்ற பெயரில் தொடர்ந்தது. பயிற்சி வகுப்பில் 1975 கேமராவைப் பற்றி அரை மணி நேரம் பேசுகிறவர்கள் இந்த 2007 விற்பனையைத் தொடுவதே இல்லை. என்னைக் கேட்டால் இதுதான் பெரிய கேள்வி. இன்னும் பல வருஷம் மாதா மாதம் வருமானம் தரக்கூடியதை விற்றுவிட்டு, ஆட்கள் விலை குறைத்து அடித்துக்கொள்ளும் சந்தையில் எதை நம்பி நிற்பது?

ஃபியூஜி 2007-இல் அஸ்டாலிஃப்ட் என்று முகப்பூச்சு கொண்டுவந்தபோது, "இனிமே டாக்டருக்கு க்ரீம் விக்கணுமா சார்?" என்று எங்கள் ஆபீசில் ஒரே சிரிப்பு. பிலிமில் இருக்கும் ஜெலட்டின் கொலாஜனிலிருந்து வருவது, படம் வெளுக்காமல் காக்கும் ஆராய்ச்சி தோலுக்கும் உதவும் என்று பிறகு படித்தபோது சிரிப்பு நின்றது. நம் ஊட்டியில் 1967-இல் உற்பத்தியைத் தொடங்கிய இந்துஸ்தான் போட்டோ பிலிம்ஸுக்கு அந்த மாதிரி எதுவும் அமையவில்லை. அங்கே தயாரான 'இந்து' எக்ஸ்ரே பிலிமைக் கையாண்ட பழைய டெக்னீஷியன்கள் அதைப் பற்றிப் பேசும்போது குறையும் சொல்லுவார்கள், பாசமாகவும் சொல்லுவார்கள்.

டிஜிட்டலால் எல்லாம் நல்லதாகிவிட்டது என்று சொல்ல மாட்டேன். பிலிமில் கதிர் அதிகமாகிவிட்டால் படம் கறுத்துவிடும். டெக்னீஷியனின் தவறு டாக்டர் மேஜையிலேயே தெரிந்துவிடும். சி.ஆரில் கம்ப்யூட்டர் கறுப்பு வெள்ளையைத் தானே சரிசெய்துவிடுகிறது. குறைத்துக் கொடுத்தால் படம் புள்ளி புள்ளியாக வரும், டாக்டர் திட்டுவார். கூட்டிக் கொடுத்தால் படம் அருமையாக வரும், யாரும் திட்ட மாட்டார்கள். நோயாளியின் உடம்பில் போன கூடுதல் கதிரைத் திரையின் மூலையில் ஒரு எண் மட்டும்தான் சொல்லும். அந்த எண்ணைப் பார்க்கச் சொல்லிக்கொடுப்பது விற்பனைக்குப் பிந்தைய பயிற்சியின் கடைசிப் பத்து நிமிடம், அதற்குள் எல்லோருக்கும் சாப்பாட்டு நேரம் வந்துவிடும்.

இன்னொரு வருமானமும் போயிற்று. பழைய ஹைப்போவில் வெள்ளி இறங்கியிருக்கும். அதைக் கேனில் வாங்கிக்கொண்டு போக ஆள் வருவார், சௌகார்பேட்டை வெள்ளி வியாபாரம் பக்கத்திலேயே இருக்கிறதே. பல சென்டர்களில் அந்தக் காசு டார்க் ரூம் பையன்களின் தீபாவளிக்குப் போகும். டிரை பிலிமிலும் வெள்ளி உண்டு, ஆனால் அது படத்தோடு நோயாளியின் வீட்டுக்குப் போய்விடுகிறது. டார்க் ரூமே ஸ்டோர் ரூம் ஆன பிறகு அந்தப் பையன்களில் கம்ப்யூட்டர் பழகியவர்கள் நின்றார்கள், மற்றவர்கள் வார்டு வேலைக்கோ செக்யூரிட்டி வேலைக்கோ போனார்கள். எங்களில் சிலர் மருந்து கம்பெனிக்கு மாறினார்கள்.

நான் நின்றேன். பெட்டிக் கணக்கில் கிடைத்த இன்சென்டிவ், ஏ.எம்.சி. என்கிற வருடாந்திரப் பராமரிப்பு ஒப்பந்தக் கணக்குக்கு மாறியது. வருஷத்துக்கு ஒருமுறை கையெழுத்து. மற்ற நாளில் போன் வந்தால் ஏதோ பழுது என்று அர்த்தம். சும்மா எட்டிப் பார்க்கப் போனால், "என்ன சார், ஏதாவது விக்க வந்தியா?" என்று கேட்கிறார்கள். முன்பு விற்கத்தான் போவேன், அப்போது யாரும் இப்படிக் கேட்டதில்லை.

பிறகு படத்தை நேராகக் கம்ப்யூட்டருக்கே அனுப்பிவிடும் டி.ஆர். பேனல் வந்தது, தகட்டைத் தூக்கிக்கொண்டு ரீடருக்கு நடக்கும் வேலையும் இல்லை, சில விநாடியில் திரையில் படம். 2020 கொரோனா நேரத்தில் நெஞ்சுப் படங்கள் போனிலேயே டாக்டர்களுக்குப் பறந்தன. என் கணக்குப் புத்தகத்தில் டிரை பிலிம் அதற்குப் பிறகு எழுந்திருக்கவே இல்லை. பேப்பரை வாங்க மாட்டேன் என்ற அம்மாவின் பேத்தி இன்று வாட்ஸ்அப்பில் அனுப்பச் சொல்கிறாள்.

இப்போது என்னிடம் அசல் பிலிம், அதாவது டார்க் ரூமில் கழுவுகிற பழைய பிலிம் மாதிரியே ஒன்று, வாங்குகிறவர்கள் ஆஸ்பத்திரிக்காரர்கள் இல்லை. மணலி, எண்ணூர்ப் பக்கம் குழாய் வெல்டிங்கைச் சோதிக்கும் கான்ட்ராக்டர்கள். இரிடியம்-192 கதிர் மூலத்தை ஒரு பக்கம் வைத்து, மறுபக்கம் பிலிமைக் குழாய் மேல் சுற்றிக் கட்டி, வெல்டிங்குக்குள் விரிசல், காற்றுக்குமிழி இருக்கிறதா என்று பார்ப்பார்கள். பேனல் குழாய்க்கு வளையாது, பிலிம் வளையும். வருஷக்கணக்கில் ஆதாரமாக வைத்திருக்கவும் பல கம்பெனிகள் பிலிமைத்தான் கேட்கின்றன. அவர்களில் ஒருவர் போன மாதம் டார்க் ரூம் வேலைக்கு அனுபவமுள்ள ஆள் யாராவது உண்டா என்று விசாரித்தார். கடிகாரம் பார்க்காத தண்டையார்பேட்டை அண்ணனின் நம்பரைக் கொடுத்தேன். சம்பளம் எவ்வளவு என்பதற்கு முன்னால், அங்கே தண்ணீர் எப்படி என்றுதான் அவர் கேட்டாராம்.