அவுரு எழுதல, நான் இன்னா பண்றது?

161 ஸ்டேட்மென்ட் கட்டு, அதாவது குற்றவியல் நடைமுறைச் சட்டம் 161-ஆம் பிரிவின்படி போலீஸ் சாட்சிகளை விசாரித்து எழுதிய தாள்கள், கைக்கு வந்தால் நான் முதலில் தேடுவது எழுத்துப்பிழையைத்தான். ஆட்டோ ஓட்டுபவர், டீக்கடைக்காரர், கல்லூரிப் பையன் மூவருமே போலீஸிடம் "மேற்படி எதிரியானவர் தன் கையில் வைத்திருந்த கத்தியால்" என்று ஒரே குரலில் பேசியிருப்பார்கள். "வயிற்றில்" என்பதில் மூன்று தாளிலும் ஒற்று ஒரே இடத்தில் விட்டுப்போயிருக்கும். சென்னையில் எந்த ஆட்டோக்காரர் "மேற்படி" என்று பேசுகிறார்?

அந்தத் தாளில் சாட்சியின் கையெழுத்து இருக்காது. வாங்கக் கூடாது என்பதே சட்டம். கூண்டில் ஏறிச் சொல்வதுதான் சாட்சியம். போலீஸ் எழுதியது அதோடு ஒட்டுகிறதா என்று உரசிப் பார்க்க மட்டும்தான் உதவும். அந்த உரிமையும் முக்கியமாகக் குற்றம் சாட்டப்பட்டவருக்கு, கோர்ட் பாஷையில் எதிரி தரப்புக்குத்தான். தன் சாட்சியே பிறழ்ந்துவிட்டால் அரசு வக்கீலும் கோர்ட் அனுமதியோடு அதைக் கையில் எடுக்கலாம். 2024 ஜூலை 1 முதல் புதிய சட்டத்தில் 161 என்பது 180 ஆகிவிட்டது, கையெழுத்து கூடாது என்று சொல்லும் 162 என்பது 181. கோர்ட் வராந்தாவில் இன்னும் யாரும் 180 என்று சொல்லிக் கேட்கவில்லை.

எனக்கு மறக்காத குறுக்கு விசாரணை ஒரு கொலை முயற்சி வழக்கில் நடந்தது. சாட்சி, காசிமேட்டில் மீன் எடுத்துத் தெருத்தெருவாக விற்கும் அம்மா. அறுபது வயதிருக்கும். என் கட்சிக்காரர் இரண்டாம் எதிரி. கத்தியால் குத்தியவர் வேறு ஆள். கோர்ட்டில் அரசு வக்கீல் கேட்ட முதல் விசாரணையில் அந்த அம்மா, "பைக்ல பின்னாடி குந்திக்கினு வந்த பையன்தான் கையைப் புடிச்சிக்கினான், அவன் குத்துனான்" என்றார். ஸ்டேட்மென்ட்டைப் புரட்டினேன். ஒன்றரைப் பக்கம். கையைப் பிடித்த பேச்சே இல்லை.

விட்டுப்போனதெல்லாம் முரண்பாடு ஆகிவிடாது. 1959-இல் தஹ்சில்தார் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதை நீளமாக அலசியிருக்கிறது. இப்போதைய சட்டத்தின்படி, விடுபட்டது முக்கியமான விஷயமாக இருந்தால் அதையும் முரண்பாடாக எடுத்துக்கொள்ளலாம். இரண்டாம் எதிரிக்குக் கையைப் பிடித்ததை விட முக்கியமானது என்ன இருக்கிறது? அது போனால் வழக்கே இல்லை.

"இதை போலீஸ் விசாரணையில் சொன்னீங்களா?"

"சொன்னேன்."

"சொல்லலைன்னு நான் சொல்றேன்."

"இன்னா கண்ணு நீ! நான் சொன்னேன். அவுரு எழுதல, நான் இன்னா பண்றது? எனக்குப் படிக்கத் தெரியுமா?"

கோர்ட்டில் சிரிப்பு. நீதிபதி டைப்பிஸ்ட்டுக்குச் சொல்லச் சொல்ல அது "நான் போலீஸ் விசாரணையில் கூறவில்லை என்றால் சரியல்ல" என்று பதிவானது. இப்படியாக, அந்த அம்மா பேசாத தமிழ் இரண்டாவது முறையும் அவர் பெயரில் ஏறியது.

மீதி வேலை சுலபம். புலன் விசாரணை அதிகாரி கூண்டேறியபோது ஒரே கேள்விதான். "அந்த சாட்சி என் விசாரணையில் அவ்வாறு கூறவில்லை" என்றார். நினைவிலிருந்து சொல்லவில்லை, கேஸ் டைரியைப் பார்த்துச் சொன்னார். எழுதாததைச் சொல்லாததாக்க அது போதும். என் கட்சிக்காரர் விடுதலையானார். முதல் எதிரிக்குத் தண்டனை. சீனியர் முதுகில் தட்டினார்.

உண்மையில் கையைப் பிடித்தாரா? எனக்குத் தெரியாது. அந்த அம்மா பொய் சொன்னதாக மட்டும் அன்றும் தோன்றவில்லை, இன்றும் தோன்றவில்லை. அரை மணி நேரம் அவர் கொட்டியதை ஒருவர் ஒன்றரைப் பக்கத்தில் அடக்கியிருக்கிறார். குத்தியவனைப் பிடித்தாயிற்று என்ற அவசரத்தில் பின்னால் உட்கார்ந்தவனை விட்டிருக்கலாம். வாக்குமூலத்தை ஆடியோ, வீடியோவில் பதிவு செய்யலாம் என்று 2009 திருத்தத்திலேயே வந்துவிட்டது. "செய்யலாம்" என்றுதான் இருக்கிறது. என் கைக்கு வந்த கட்டுகளில் ஒன்றில்கூட சி.டி. இருந்ததில்லை.

அவர் சாட்சி சொன்ன அன்று சாயங்காலம் பாரிமுனை டீக்கடையில் மறுபடி பார்த்தேன். அவர்தான் முதலில் பேசினார். கோபமெல்லாம் இல்லை. என் கையிலிருந்த கட்டைக் காட்டி, "ஏன் கண்ணு, அந்தத் தாள்ல நான் இன்னா சொன்னேன்னு எழுதிக்கீது? படிச்சிக் காட்டேன்" என்றார்.

வழக்கு முடியாமல் சாட்சியிடம் பேசக் கூடாதும்மா என்று சொல்லிவிட்டு, டீயைப் பாதியில் வைத்துவிட்டுக் கிளம்பினேன்.