‘ஒழிப்பு’ என்று எப்போது எழுதலாம்?

மூன்று ஆண்டுகளுக்கு முன் தொழுநோய் பற்றிய ஒரு துண்டறிக்கையைத் தமிழில் எழுதித் தரும்படி என்னிடம் கேட்டிருந்தார்கள். ஆங்கில மூலம் ஒரே பக்கம்தான். அந்த ஒரு பக்கத்துக்குள் கண்ட்ரோல், எலிமினேஷன், எராடிகேஷன் என்று மூன்று சொற்கள் வெவ்வேறு இடங்களில் வந்திருந்தன. பார்த்து எழுதுவதற்காகக் கொடுத்திருந்த பழைய தமிழ்த் துண்டறிக்கைகளைப் புரட்டினேன். மூன்றுக்குமே ‘ஒழிப்பு’ என்றுதான் போட்டிருந்தது. நானும் அப்படியே எழுதிக் கொடுத்தேன், அச்சாகியும் வந்தது. அது பிழை என்று இப்போது நினைக்கிறேன். ஏன் பிழை என்பதைச் சொல்ல வேண்டுமானால், இந்தச் சொல்லின் அடியிலிருந்து தொடங்க வேண்டும்.

‘ஒழி’ என்பது வீட்டில் அன்றாடம் புழங்கும் வினை. இரவுச் சாப்பாடு முடிந்ததும் என் அம்மா, ‘குழம்புச் சட்டிய ஒழிச்சுப் போடு’ என்பார். சட்டியை உடைத்தெறி என்பது அதன் பொருளன்று. அடியில் கிடக்கும் இரண்டு கரண்டிக் குழம்பைச் சின்னக் கிண்ணத்துக்கு மாற்றி மூடி வைத்துவிட்டு, வெறும் சட்டியைத் துலக்கப் போட வேண்டும். குழம்பு தீரவில்லை, இடம் மாறியிருக்கிறது, அவ்வளவுதான். குடியிருப்பவர் வீட்டை ஒழித்துக் கொடுக்கும்போதும் வீடு அங்கேயேதான் நிற்கிறது, அவரும் வேறு தெருவில் குடியிருக்கிறார். ஓய்வு ஒழிச்சல் இல்லாமல் உழைக்கிறோம் என்னும்போது ஒழிச்சல் என்பது வேலை சற்றே நிற்கிற நேரம். ‘உலகம் பழித்தது ஒழித்து விடின்’ என்ற குறளில் அதே வினை, கைவிடுதல் என்ற பொருளில் வருகிறது. உலகம் பழிப்பதை ஒருவர் விட்டுவிட்டாலும் அது உலகத்தில் இருந்துகொண்டுதான் இருக்கும். செய்யுள் இலக்கண நூலான யாப்பருங்கலக்காரிகையின் மூன்றாம் இயலுக்கு ஒழிபியல் என்று பெயர். முன்னிரண்டு இயல்களிலும் சொல்லாமல் எஞ்சி நின்றவற்றைச் சொல்லும் இயல் அது. ஆக, ஒழிதல் என்பதற்கு அழிதல் என்றும் பொருள் உண்டு, எஞ்சுதல் என்றும் பொருள் உண்டு. ஒரே சொல்லுக்குள் இந்த இரண்டும் இருப்பதை முதன்முதலில் கவனித்த நாளில், இதைக் கொண்டு நோயைப் பற்றி எழுதுகிறவர் எவ்வளவு எச்சரிக்கையாக இருக்க வேண்டும் என்று தோன்றியது.

இந்தச் சொல்லுக்கு இன்றுள்ள கடுமை பொதுவாழ்விலிருந்து வந்தது என்பது என் எண்ணம். மேடையில் ‘ஒழிக’ என்று முழங்கினார்கள். 1948-இல் சென்னை மாகாணத்தில் ஜமீன் ஒழிப்புச் சட்டம் வந்தது. மது ஒழிப்பு, வறுமை ஒழிப்பு, லஞ்ச ஒழிப்பு என்று அரசும் நாளிதழ்களும் எழுதி எழுதி, ஒழிப்பு என்றால் ஆணையிட்டு முடித்துவிடும் காரியம் என்ற உணர்வு நமக்குள் ஏறிவிட்டது. ஜமீன் முறையைச் சட்டம் போட்டு ஒரு தேதியில் நிறுத்தலாம். கிருமிக்கு அப்படித் தேதி குறிக்க முடியாது.

நோயோடு மக்கள் தாமாகப் பேசிய மொழி இதற்கு நேர்மாறானது. அம்மை வார்த்திருக்கிறது, முத்துப் போட்டிருக்கிறது, அம்மை இறங்கிவிட்டது, தலைக்குத் தண்ணீர் ஊற்றியாயிற்று என்றெல்லாம் சொல்வது, வந்தவளை மனம் கோணாமல் வழியனுப்பி வைக்கும் பேச்சு. வாசலில் வேப்பிலை செருகியிருந்த வீட்டில் யாரும் அம்மையை ஒழிக்க வேண்டும் என்று வாய்திறந்து சொல்லியிருக்க மாட்டார்கள். தாய்க்கும் நோய்க்கும் ஒரே பெயர் இருந்த மொழியில் ‘பெரியம்மை ஒழிப்பு’ என்ற தொடரை எழுதத் துணிந்தவர் யாராயினும், அவருக்கு அது எளிதாக வந்திருக்காது.

ஆனால் அந்த ஒரு நோயில் சொல் முழுப் பொருளும் பெற்றது. 1967-இல் உலக சுகாதார நிறுவனம் பெரியம்மைக்கு எதிரான பணியைத் தீவிரப்படுத்தியது. இந்தியாவில் பணியாளர்கள் அம்மை கண்ட குழந்தையின் படம் அச்சிட்ட அட்டையைக் கையில் வைத்துக்கொண்டு வீடு வீடாகப் போய், இப்படி யாருக்காவது இருக்கிறதா என்று கேட்டார்கள். தகவல் சொல்பவருக்கு அறிவித்த பரிசுத் தொகை கடைசியில் 1,000 ரூபாய் வரை உயர்ந்தது. 1975 மே மாதத்தோடு இந்தியாவில் பெரியம்மை நின்றது. 1977 அக்டோபரில் சோமாலியாவில் இயற்கையாகத் தொற்றிய கடைசி நோயாளியைக் கண்டார்கள். 1980 மே 8 அன்று உலக சுகாதாரப் பேரவை, உலகம் பெரியம்மையிலிருந்து விடுபட்டது என்று அறிவித்தது. அதன் பிறகு அம்மை குத்துவதையே நிறுத்திவிட்டார்கள். மருந்தை நிறுத்திய பிறகும் நோய் திரும்ப வராததுதான் ஒழிப்பு. மாடுகளைக் கூட்டங்கூட்டமாகக் கொன்ற வெக்கை நோய் 2011-இல் இதே நிலையை அடைந்தது. உலகளவில் ஒழிந்தவை என்று சொல்லத்தக்கவை இந்த இரண்டு நோய்கள்தான். பெரியம்மைக் கிருமிகூட அமெரிக்காவில் ஓர் ஆய்வகத்திலும் ரஷ்யாவில் ஓர் ஆய்வகத்திலுமாக உறைநிலையில் இன்றும் இருக்கிறது.

1997-இல் ஜெர்மனியின் பெர்லினில் கூடிய வல்லுநர்கள் இந்தச் சொற்களுக்கு வரையறை செய்தார்கள். ஒரு நோயைத் தாங்கிக்கொள்ளக்கூடிய அளவுக்குக் குறைத்து, அந்த அளவிலேயே வைத்திருக்கத் தொடர்ந்து வேலை செய்வது கட்டுப்பாடு. குறிப்பிட்ட ஒரு நிலப்பரப்பில் புதிய நோயாளியே இல்லை என்ற நிலைக்குக் கொண்டுவந்து, அது மீண்டும் நுழையாமல் காவல் காப்பது எலிமினேஷன். உலகம் முழுவதும் நிரந்தரமாக இல்லாமற்செய்து, காவலையும் விலக்கிக்கொள்வது எராடிகேஷன். ஆய்வகத்தில்கூட அந்தக் கிருமி இல்லாத நிலைக்குத் தனியாக நான்காவது சொல் ஒன்றும் வைத்தார்கள்.

இந்தப் படிகளைத் தமிழில் ஒன்றாக்கிவிட்டதால் வரும் குழப்பத்தைச் சொட்டு மருந்து முகாமில் கண்ணால் காணலாம். இந்தியாவில் கடைசிப் போலியோ நோயாளி 2011 ஜனவரியில் மேற்கு வங்கத்தின் ஹவுராவில் கண்டறியப்பட்டார். 2014 மார்ச்சில் சான்றிதழ் கிடைத்தது. ‘போலியோ ஒழிந்தது’ என்று செய்தி வந்தது. பிறகு அடுத்த முகாமுக்குக் குழந்தையைத் தூக்கிக்கொண்டு வந்த ஓர் இளம் தாய், பிள்ளையின் சுண்டுவிரலில் மை வைத்துக்கொண்டிருந்த பணியாளரிடம், ‘அதான் ஒழிஞ்சிடுச்சே, அப்புறம் எதுக்கு இது?’ என்று கேட்டதை நான் பக்கத்தில் நின்று கேட்டேன். நியாயமான கேள்வி. பாகிஸ்தானிலும் ஆப்கானிஸ்தானிலும் அந்தக் கிருமி இன்னும் சுற்றிக்கொண்டிருக்கிறது, அது இங்கிருந்து போயிருக்கிறதே தவிர உலகத்தைவிட்டுப் போகவில்லை என்பதை அந்தப் பணியாளர் ஐந்து நிமிடம் விளக்க வேண்டியிருந்தது.

மலேரியாவின் கதை இதைவிடக் கசப்பானது. இந்தியாவில் 1953-இல் தேசிய மலேரியா கட்டுப்பாட்டுத் திட்டம் தொடங்கியது. டி.டி.டி. என்ற பூச்சிக்கொல்லியைத் தெளித்ததில் நோய் அவ்வளவு வேகமாகக் குறைந்தது கண்டு, 1958-இல் பெயரையே ஒழிப்புத் திட்டம் என்று மாற்றினார்கள். என் தாத்தா வீட்டு நிலைப்படிக்குப் பக்கத்துச் சுவரில் கறுப்பு மையில் கட்டம் போட்டு, மருந்தடித்த தேதிகளை வரிசையாக எழுதியிருந்த தடம், சுண்ணாம்புப் பூச்சுகளுக்கு அடியில் வெகுநாள் மங்கலாகத் தெரிந்துகொண்டிருந்தது. 1965-இல் நாடு முழுவதற்கும் ஏறத்தாழ ஒரு லட்சம் நோயாளிகள் என்ற அளவுக்கு இறங்கியது. அதன்பின் கொசு மருந்துக்குப் பழகியது, பணமும் ஆளும் குறைந்தன, கண்காணிப்புத் தளர்ந்தது. 1976-இல் நோயாளிகள் எண்ணிக்கை 64 லட்சத்தைத் தாண்டியது. இலங்கையில் 1963-இல் வெறும் 17 பேர் என்று இருந்தது, தெளிப்பை நிறுத்திய சில ஆண்டுகளில் ஐந்து லட்சத்துக்கு மேல் ஏறியது. அங்கே பல பத்தாண்டுகள் பொறுமையாக உழைத்து, 2016-இல் மலேரியா இல்லாத நாடு என்ற சான்றிதழைப் பெற்றார்கள். இந்தியாவில் 1999-இல் ஒழிப்பு என்ற சொல்லைத் திட்டத்தின் பெயரிலிருந்து எடுத்து, எதிர்ப்பு என்ற பொருள் தரும் சொல்லை வைத்தார்கள். நாற்பது ஆண்டு அனுபவத்தின் பாடம் அந்தப் பெயர் மாற்றத்தில் இருந்தது. தமிழில் அந்த மாற்றம் யாருக்கும் தெரியவில்லை, நாம் மலேரியா ஒழிப்பு என்றே எழுதிக்கொண்டிருந்தோம். 2020-இல் காசநோய்த் திட்டத்தின் பெயரில் கண்ட்ரோல் போய் எலிமினேஷன் வந்தபோதும் இதே கதைதான். நாளிதழ்களில் அதற்கு முன்பும் காசநோய் ஒழிப்பு, பின்பும் காசநோய் ஒழிப்பு. தமிழ்நாடு மாநில எய்ட்ஸ் கட்டுப்பாட்டுச் சங்கம் என்ற பெயர் எனக்கு எப்போதும் மன நிறைவைத் தருவது, தன்னால் இன்று இயன்றதை மட்டும் அது சொல்வதால்தான்.

தொழுநோய்க்கு வருகிறேன். 1955-இல் கட்டுப்பாட்டுத் திட்டமாகத் தொடங்கியது, 1983-இல் தேசிய தொழுநோய் ஒழிப்புத் திட்டமாயிற்று. 1991-இல் உலக சுகாதாரப் பேரவை வேறோர் இலக்கை வைத்தது. பத்தாயிரம் பேருக்கு ஒரு நோயாளிக்கும் குறைவு என்றால், பொதுச் சுகாதாரப் பிரச்சினை என்ற நிலையிலிருந்து அந்த நோய் நீங்கியதாகக் கொள்ளலாம் என்பது அது. இந்த எண்ணிக்கை சிகிச்சையில் இருப்பவர்களை மட்டும் எண்ணுவது. சிகிச்சைக் காலத்தை 24 மாதத்திலிருந்து 12 மாதமாகக் குறைத்தாலே பதிவேட்டில் பெயர்கள் குறையும். இந்தியா 2005 டிசம்பரில் இந்த அளவைத் தொட்டது. அதற்கு எத்தனையோ ஊழியர்களின் உழைப்பு காரணம், அதை நான் குறைத்துச் சொல்லவில்லை. ஆனால் தமிழில் அது ‘தொழுநோய் ஒழிந்தது’ என்று ஆயிற்று. வீடு வீடாகத் தேடிப் பார்க்கும் பணி குறைந்தது. இன்றும் இந்தியாவில் ஆண்டுக்கு ஏறத்தாழ ஒரு லட்சம் பேருக்குப் புதிதாக இந்நோய் கண்டறியப்படுகிறது. உலகப் புதிய நோயாளிகளில் பாதிக்கு மேல் இங்கேதான். கிருமி உடலுக்குள் வந்து அறிகுறி தெரியச் சராசரியாக ஐந்து ஆண்டுகள் ஆகும், இருபது ஆண்டுகள்கூட ஆகலாம்.

என் துண்டறிக்கை அச்சாகிச் சில மாதம் கழித்து, மதுராந்தகம் பக்கத்துக் கிராமத்தில் இருக்கும் என் அத்தையின் இடது கைச் சுண்டுவிரல் மடங்கத் தொடங்கியது. அழைத்துக்கொண்டு போனோம். மருத்துவர் அத்தையைக் கண்ணை மூடச் சொல்லிவிட்டு, பேனா முனையால் கையில் அங்கங்கே மெல்லத் தொட்டு, தொட்ட இடத்தை விரலால் காட்டச் சொன்னார். மேல்கையில் சிறுவயதில் அம்மை குத்திய வட்டத் தழும்பின் மேல் தொட்டபோது அத்தை உடனே காட்டினார். அதற்கு ஒரு சாண் கீழே, வெளிறிய தேமலின் மேல் மூன்று முறை தொட்டும் கண்ணை மூடியபடி காத்துக்கொண்டே இருந்தார். முழங்கைக்குப் பின்னால் நரம்பு கயிறு போலத் தடித்திருந்தது. முதுகிலும் அப்படித் தேமல்கள் இருந்தன. எத்தனை நாளாக என்று கேட்டதற்கு, ‘அது ஆறேழு வருசமா இருக்குதுங்க, வெறும் தேமல்னு விட்டுட்டேன்’ என்றார். நோயின் பெயரைச் சொன்னதும் என் பக்கம் திரும்பி, ‘அந்த நோய்தான் ஒழிஞ்சுபோச்சுன்னு சொன்னாங்களேம்மா’ என்றார். என்னால் பதில் சொல்ல முடியவில்லை. அப்படிச் சொன்னவர்களில் நானும் ஒருத்தி.

மாதத்துக்கு ஓர் அட்டை என்று பன்னிரண்டு அட்டை மாத்திரைகள். மாதத்தின் முதல் வேளையை ஊழியர் முன்னிலையில் விழுங்க வேண்டும். அத்தையின் நிறம் அந்த ஓராண்டில் கறுத்தது, பிறகு மெல்லத் திரும்பியது. வீட்டிலிருந்தவர்களுக்கும் முன்னெச்சரிக்கையாக ஒரே ஒரு வேளை மாத்திரை கொடுத்தார்கள். மருந்து முழுவதும் இலவசம். சுண்டுவிரல் மட்டும் நிமிரவில்லை.

அதற்குப் பிறகு சொற்களைப் பிரித்து எழுதப் பழகிக்கொண்டேன். ஒழிப்பு என்பதைப் பெரியம்மைக்கும் வெக்கை நோய்க்கும் தவிர வேறெதற்கும் முடிந்துபோன செயலாக எழுதுவதில்லை. எலிமினேஷனுக்கு நீக்கம் என்கிறேன். பணிநீக்கம், பெயர்நீக்கம் என்று அலுவலக வாடை வீசுகிறது என்று நண்பர்கள் குறைப்படுகிறார்கள், அது உண்மைதான். ஆனால் நீக்கம் என்றதும் ‘எங்கிருந்து?’ என்ற கேள்வி எழுகிறது, அந்தக் கேள்வி எழுவதே எனக்கு வேண்டியது. எங்கிருந்து என்பதையும், எத்தனை பேருக்கு எத்தனை பேர் என்பதையும் அதே வாக்கியத்தில் சொல்லிவிடுகிறேன், வாக்கியம் நீண்டாலும் சரி. ‘முற்றிலும் ஒழிக்கப்பட்டது’ என்று யாராவது எழுதியிருந்தால் நின்று பார்க்கிறேன். ஒழிப்போடு முற்றிலும் என்று சேர்க்க வேண்டியிருக்கிறது என்றால், ஒழிப்பு என்ற சொல் தனியே நின்று அதைச் சொல்லவில்லை என்றுதானே பொருள்?

இந்த ஆண்டு அதே துண்டறிக்கையைத் திருத்தி எழுதும் வாய்ப்பு வந்தது. திட்டத்தின் பெயர் அரசாணையில் உள்ளபடி இருக்க வேண்டும் என்றார்கள், அதனால் மேலே ‘தேசிய தொழுநோய் ஒழிப்புத் திட்டம்’ என்றே இருக்கிறது. அதற்கு நேர் கீழே, தலைப்புக்கு இணையான பெரிய எழுத்தில், நான் கேட்டுப் போடச்செய்த இரண்டு வரிகள் இருக்கின்றன: ‘தொழுநோய் குறைந்திருக்கிறது, இன்னும் தீரவில்லை. உங்கள் உடம்பில் தொட்டால் உணர்ச்சி தெரியாத தேமல் இருந்தால், இந்த வாரமே அரசு ஆரம்பச் சுகாதார நிலையத்தில் காட்டுங்கள்.’