கண்ணுக்கு எட்டும் தூரம்

என் ட்ரோனின் எடை 249 கிராம். 250-க்குக் கீழே இருந்தால் பல நாடுகளில் கெடுபிடி குறைவு. அதற்காகவே ஒரு கிராம் குறைத்துச் செய்கிறார்கள். குறைவு என்பதை விதியே கிடையாது என்று நான் எடுத்துக்கொண்டேன். (இறக்கைக்குக் காப்பு மாட்டினால் அந்த 249-உம் போச்சு.)

போன மாதம் ஒரு மலை உச்சியில் நின்று பறக்கவிட்டேன். பெரும்பாலான நாடுகளில் 120 மீட்டர்தான் உயர எல்லை. திரையில் 100 என்று காட்டியது. சரி, இன்னும் 20 மீட்டர் இருக்கிறதே என்று பள்ளத்தாக்குப் பக்கம் ஓட்டினேன். வீட்டுக்கு வந்த பிறகுதான் உறைத்தது. திரை காட்டுவது நான் கிளப்பிய இடத்திலிருந்து உள்ள உயரம். விதி பேசுவது ட்ரோனுக்கு நேர் கீழே இருக்கும் தரையிலிருந்து. தரை சரிந்துகொண்டே போக, ட்ரோன் ஏறாமலேயே உயரம் ஏறியிருக்கிறது. விமானங்கள் சாதாரணமாக 150 மீட்டருக்குக் கீழே வராது என்ற நம்பிக்கையில் விட்டிருக்கும் இடைவெளியே 30 மீட்டர்தான். அதையும் தின்றிருக்கிறேன்.

அதைவிட மோசம், நான் தலையைத் தூக்கவே இல்லை. தூக்கியபோது வானம் காலி. முன்னூறு மீட்டர் தாண்டினால் அது கொசு மாதிரி. எந்தப் பக்கம் பார்த்து நிற்கிறது என்றே தெரியாது. திரும்பி வரும் பட்டனை அமுக்கிவிட்டுக் காத்திருந்தேன். வந்தது, தலைக்கு மேலே ஒரு பருந்து வட்டமடிக்க. கேமரா முன்னால்தானே பார்க்கும், மேலே எங்கே பார்க்கும்?

2025 ஜனவரியில் லாஸ் ஏஞ்சலஸ் காட்டுத்தீயின்போது ஒருவர் தீ எரியும் பக்கமாக இரண்டரை கிலோமீட்டருக்கு மேல் ட்ரோனை ஓட்டி, கண்பார்வையிலிருந்து தொலைத்துவிட்டார். அது தீயணைக்க வந்த விமானத்தின் இறக்கையில் மோதி, 3-க்கு 6 அங்குலத்தில் ஓட்டை போட்டது. அந்த விமானம் சில நாட்கள் பறக்கவில்லை. செய்தியைப் படித்தபோது 'என்ன ஆள் இவன்' என்று திட்டியிருந்தேன். அந்த மலை உச்சியில் நானும் அதே ஆள்தான். என் நல்ல நேரம், எதிரே வந்தது பருந்து.

இப்போதெல்லாம் தம்பியைக் கூட்டிப்போகிறேன். வானத்தைப் பார்ப்பது அவன் வேலை. அவன் பார்க்கிறான் என்பதற்காக என் கண்ணை விட்டு ட்ரோன் போகக்கூடாது, அது தனி. பத்து நிமிஷத்தில் அவனுக்குச் சலித்துவிடுகிறது. “அண்ணா, ஒரே ஒரு தடவை திரையைக் காட்டேன்” என்கிறான். இறக்கின பிறகு பார்க்கலாம்டா என்று சொல்லிவைத்திருக்கிறேன்.