18 நகம்

ஜூன் 3
ராத்திரி முழுக்க டக், டக். எங்கள் நாய் கருப்பன் கூடத்துக்கும் வாசலுக்குமாக நடந்துகொண்டே இருந்தான். மொசைக் தரையில் நகம் படுகிற சத்தம். முன்பு இதைக் கேட்டதே இல்லை. அப்பா ரெண்டு வேளையும் தார் ரோட்டில் நடத்திக் கூட்டிப்போவார், பாதி நகம் அங்கேயே தேய்ந்துவிடும். நான் கேட் வரைக்கும்தான் போகிறேன். ஆஸ்பத்திரியிலிருந்து போன் வந்தால் எடுக்க வேண்டும்.

ஜூன் 4
போனில் அம்மா: "அப்பா இன்னும் அப்படியேதான்டி."

ஜூன் 6
தையல் மெஷின் டிராயரில் அப்பாவின் நகவெட்டி கிடைத்தது. கத்தரி மாதிரி இருக்கும், நுனியில் அரைவட்டமாகக் குழிந்திருக்கும். நம்முடைய நகவெட்டியைத் தொடவே விடமாட்டார், நகத்தை நசுக்கிப் பிளந்துவிடுமாம். வெள்ளை நகமாக இருந்தால் உள்ளே ரோஸாகச் சதை தெரியும், அதற்கு முன்னாலேயே நிறுத்திவிடலாம். கருப்பனுக்கு நகமும் கறுப்பு. எங்கே ரத்தம் ஆரம்பிக்கிறது என்று அப்பாவின் கைக்குத்தான் தெரியும். ஒருமுறைகூட நான் பக்கத்தில் உட்கார்ந்து பார்க்கவில்லை.

ஜூன் 7
இன்று வெட்டவில்லை. பாதத்தைத் தொட்டேன், வேகவைத்த ஈரல் ஒரு துண்டு. விரலை லேசாக அமுக்கினேன், இன்னொரு துண்டு. நகவெட்டியைப் பார்த்ததும் கட்டிலுக்கடியில் போனவன், ஈரல் வாசத்துக்குத் தலையை மட்டும் நீட்டினான்.

ஜூன் 9
ரெண்டு நகம்! நுனி மட்டும், அரிசி அளவுகூட இருக்காது. மொத்தம் 18. காலுக்கு நாலு, முன்னங்கால் உள்பக்கம் மேலே தனியாக ஒவ்வொன்று.

ஜூன் 10
ரத்தம். நகம் நகவெட்டியின் வாயில் இருக்கும்போது போன் அடித்தது, கை பதறி அழுத்திவிட்டேன். ஆஸ்பத்திரி இல்லை, ஏதோ லோன் வேண்டுமா என்று ஒரு பெண். அப்பாவின் சவரப் படிகாரத்தை எடுக்க ஓடினேன். எரியுமே என்று வைத்துவிட்டு, சோளமாவை நகத்தில் அப்பி அழுத்திப் பிடித்தேன். ஐந்து நிமிஷம். நின்றது. காலை இழுத்துக்கொண்டு போய் அப்பாவின் செருப்பு மேல் படுத்துக்கொண்டான். என்னை மன்னிச்சிருடா.

ஜூன் 11
இன்று யார் போன் செய்தாலும் எடுக்கவில்லை, அம்மாவைத் தவிர.

ஜூன் 13
மாட்டாஸ்பத்திரி டாக்டர் நிற்க வைத்துப் பார்த்தார். நீண்ட நகம் தரையில் இடித்து விரலை மேலே தள்ளுகிறது, அதனால்தான் பாரத்தைப் பின்னங்காலுக்குத் தள்ளி நிற்கிறானாம். அதற்காக ஒரே நாளில் குட்டையாக்க முடியாது, நகத்தோடு சேர்ந்து உள்சதையும் நீண்டிருக்கும். சீவல் சீவலாக எடுக்க வேண்டும். ஒவ்வொரு சீவலுக்கும் வெட்டிய முகத்தைப் பார்க்க வேண்டும்: உலர்ந்து வெளிறி இருந்தால் இன்னும் கொஞ்சம் எடுக்கலாம், நடுவில் ஈரமாக ஒரு கறுப்புப் பொட்டு தெரிந்தால் போதும். வாராவாரம் செய்தால் சதை மெல்லப் பின்வாங்குமாம். மேலே இருக்கிற அந்த ரெண்டையும் விடாதே என்றார். தரையில் படாமல் தேயாமல் வளைந்து சதைக்குள்ளேயே இறங்கிவிடும்.

அந்தப் பொட்டை இன்று பார்த்தேன். மிளகை ரெண்டாக நறுக்கினால் அதைவிடச் சின்னது.

ஜூன் 15
அம்மா போட்டோ அனுப்பினாள். போர்வைக்கு வெளியே அப்பாவின் கை. நகம் வளர்ந்திருக்கிறது.

ஜூன் 17
16 முடிந்தது. ராத்திரி சத்தம் இல்லாததால் தூக்கம் வரவில்லை. எழுந்து போய் மூச்சு விடுகிறானா என்று பார்த்தேன்.

ஜூன் 18
வலது மேல்நகம் முடிந்தது. அண்ணன் காரோடு வாசலில் நிற்கிறான். இடதில் ஒன்று பாக்கி.