2070இல் முடியப்போகும் கோயில்

காலை ஏழு மணிக்கு வேன் வரும் என்று சொல்லியிருந்தார்கள். அக்கா ஐந்தரைக்கே தலைக்குக் குளித்து, கோயிலுக்கென்று எடுத்து வைத்திருந்த புடவையைக் கட்டி, அதன்மேல் என் ஸ்வெட்டரை மாட்டிக்கொண்டு விடுதி வாசலில் உட்கார்ந்துவிட்டாள். டிசம்பர் மாதத்தில், வடக்குத் தாய்லாந்தின் சியாங் மாயில், விடிகாலைக் குளிர் நம் ஊர் மார்கழியைவிடக் கொஞ்சம் கூடுதல்தான். "கோயிலுக்குத்தானே போறோம், அப்புறம் எதுக்கு எல்லாரும் அரை நிஜார்ல வர்றாங்க?" என்று வேனில் ஏறியதுமே கேட்டாள். நல்லவேளை, தமிழில் கேட்டாள்.

எங்கள் அப்பா சுதை வேலை செய்தவர். கும்பகோணத்தைச் சுற்றிப் பல கோபுரங்களில் அவர் கை பட்ட துவாரபாலகர்களும் பூதகணங்களும் இன்னும் நிற்கிறார்கள். நான் அந்த வேலைக்குப் போகவில்லை, வங்கிக்குப் போய்விட்டேன். அக்காதான் கல்யாணமாகும்வரை அவருக்குச் சாந்து குழைத்துக் கொடுத்தவள். சியாங் ராயில் ஓர் ஓவியர் தன் சொந்தப் பணத்தைப் போட்டு வெள்ளைவெளேரென்று ஒரு புத்தர் கோயில் கட்டிக்கொண்டிருக்கிறார், எல்லாம் சாந்தும் கண்ணாடிச் சில்லும்தான் என்று படித்ததும், அக்காவின் அறுபதாவது பிறந்தநாளுக்கு எங்கே போவது என்பது முடிவாகிவிட்டது.

சியாங் மாயிலிருந்து சியாங் ராய்க்கு மலைப்பாதையில் மூன்று மணி நேரத்துக்கு மேல் ஆகிறது. போக, வர என்று பார்த்தால் வேனில் உட்கார்ந்திருந்த நேரம்தான் அதிகம். வழியில் மே கச்சான் என்ற இடத்தில் வெந்நீர் ஊற்று ஒன்று உண்டு. சின்ன மூங்கில் கூடையில் முட்டை விற்கிறார்கள். கொதிக்கும் தண்ணீரில் அதைத் தொங்கவிட்டு அவித்துக்கொள்ளலாம். கோயிலுக்குப் போகிற நாளில் அக்கா கவிச்சி தொடமாட்டாள். காலை மட்டும் வெந்நீரில் நனைத்துக்கொண்டு, மதியச் சாப்பாட்டைப் பற்றிக் கைடு பெண்ணிடம் என்னை விசாரிக்கச் சொன்னாள். அந்தப் பெண் சிரித்துக்கொண்டே "மங்சவிரட்?" என்றாள். எனக்குப் பிடிபடவில்லை. அக்கா பிடித்துவிட்டாள். "மாம்ச விரதம்னு சொல்றாடா!" அதிலிருந்து அவர்கள் இரண்டு பேரும் என்னை விட்டுவிட்டு நேரடியாகப் பேசிக்கொள்ள ஆரம்பித்தார்கள். அந்தப் பெண் "நரோக்" என்பாள், அக்கா "நரகம்" என்பாள். "சவான்" என்றால் சுவர்க்கம். "நாக்" என்றால் நாகம். ராகு அங்கேயும் ராகுதான்.

வாட் ரோங் குன் என்பது கோயிலின் பெயர். வெள்ளைக் கோயில் என்றால்தான் வெளிநாட்டுக்காரர்களுக்குப் புரியும். நெடுஞ்சாலையை ஒட்டியே இருப்பதால் வேன் திரும்பும்போதே தெரிந்துவிடுகிறது. பதினொரு மணி வெயில். நேராகப் பார்க்க முடியவில்லை. வெள்ளைச் சாந்தின் ஒவ்வொரு வளைவிலும் நகமளவு கண்ணாடிச் சில்லுகள் பதித்திருக்கிறார்கள். நாம் ஓர் அடி நகர்ந்தால் கோயில் முழுக்க ஒரு மினுக்கம் ஓடுகிறது. வெள்ளை புத்தரின் தூய்மையாம், கண்ணாடி அவருடைய ஞானமாம். அக்கா கண்ணுக்கு மேல் கையை வைத்து ரொம்ப நேரம் பார்த்துவிட்டுச் சொன்னது இதுதான்: "பாசி பிடிச்சா எப்படிடா கழுவுவாங்க?"

கட்டுகிறவர் சலெர்ம்சாய் கோசித்பிபட். 1955இல் இதே ரோங் குன் கிராமத்தில் பிறந்தவர். 1980களில் லண்டன் விம்பிள்டனில் உள்ள தாய்லாந்துக் கோயிலுக்குச் சுவரோவியம் வரைந்தபோது, புத்தர் கதைக்கு நடுவே மார்கரெட் தாட்சரை வரைந்து வைத்தவர். ஊருக்குத் திரும்பிப் பெயரும் பணமும் சம்பாதித்தபின், 1997இல் சொந்த ஊரின் இடிந்த கோயிலைப் புதிதாகக் கட்ட ஆரம்பித்தார். முழுத் திட்டத்தில் ஒன்பது கட்டடங்கள். முடியும் ஆண்டு 2070 என்கிறார்கள். அதாவது அவருக்கு நூற்றுப் பதினைந்து வயதாகும்போது. பாக்கி வேலையைச் சீடர்கள் பார்த்துக்கொள்ள ஏற்பாடாம்.

இதைக் கேட்டதும் அக்கா கைடு பெண்ணின் கையைப் பிடித்து நிறுத்தி, மறுபடி சொல்லச் சொன்னாள். எங்கள் வீட்டில் கும்பாபிஷேகத் தேதிதான் எஜமான். ஜோசியர் தேதி குறித்துவிட்டால் அப்பா அதற்குள் சாரம் பிரித்தாக வேண்டும். கடைசி வாரம் பெட்ரோமாக்ஸ் வைத்துக்கொண்டு ராத்திரியெல்லாம் வேலை நடக்கும். மழையில் காயாத சாந்தின்மேல் வர்ணம் ஏற்றிவிட்டு வந்து அவர் சாப்பிடாமல் படுத்துக்கொண்ட இரவுகள் எனக்கே ஞாபகம் இருக்கிறது. அப்படித் துரத்துகிற தேதியே இல்லாமல் ஒருத்தர் கோயில் கட்டுகிறார் என்பது எங்களுக்குக் கண்ணாடி மினுக்கத்தைவிடப் பெரிய அதிசயம்.

நாங்கள் போனபோது வெளிநாட்டவருக்கு நூறு பாட் டிக்கெட், உள்ளூர்க்காரர்களுக்கு இலவசம். உள்ளே போனால் முதலில் ஒரு பள்ளம். அதிலிருந்து நூற்றுக்கணக்கான கைகள் மேலே நீள்கின்றன. மண்டையோடு, பிச்சைப் பாத்திரம், பிடிக்க எதுவும் கிடைக்காத விரல்கள். ஆசை அடங்காதவர்களின் கைகளாம். எல்லாம் சாம்பல் பூத்த வெள்ளை. ஒரே ஒரு கையில் மட்டும் ஒரு நகத்துக்குச் சிவப்புப் பூச்சு. அக்காதான் கண்டுபிடித்தாள். யாரோ வேலைக்காரர் விளையாட்டாகச் செய்தது என்று அவள் கட்சி. அப்பாவும் ஒரு பூதத்துக்குப் பக்கத்துத் தெரு மளிகைக்காரர் முகத்தை வைத்தார் என்பது எங்கள் குடும்ப ரகசியம்.

அந்தக் கைகளுக்கு மேலே பாலம். தாண்டினால் சுவர்க்க வாசல். ஒரு பக்கம் ராகு, இன்னொரு பக்கம் மரணம், இரண்டு பேரும் காவல். பாலத்தில் ஒரு வழிதான். திரும்பி வரக் கூடாது, நிற்கவும் கூடாது. ஒருவர் ஒலிபெருக்கியில் விரட்டிக்கொண்டே இருந்தார். அக்காவின் மூக்குக்கண்ணாடிக் கூடு பாலத்தின் தொடக்கத்தில் விழுந்துவிட்டது. எடுக்கத் திரும்பினாள். ஒலிபெருக்கி அலறியது. பின்னால் வந்த ஒரு ஐரோப்பியப் பையன் எடுத்துக் கொடுத்தான். "பிறவிக் கடலைத் தாண்டிட்டா அப்புறம் திரும்ப முடியாதுல்ல, சரிதான்" என்று அக்காவே சமாதானம் செய்துகொண்டாள்.

உபோசத மண்டபம் என்கிற முக்கிய மண்டபத்துக்குள் படம் எடுக்க முடியாது, அதனால் நான் சொல்வதைத்தான் நம்ப வேண்டும். முன்சுவரில் பொன்னிறமாகப் புத்தர், சாந்தமாக. திரும்பிப் பின்சுவரைப் பார்த்தால், புத்தரின் தவத்தைக் கலைக்க வந்த மாரனின் பெரிய முகம். அதைச் சுற்றி ஸ்பைடர்மேன், பேட்மேன், மைக்கேல் ஜாக்சன், ஹலோ கிட்டி, எரிகிற நியூயார்க் இரட்டைக் கோபுரம். வீரர்கள் என்று நாம் நம்பியவர்கள் யாரும் நம்மைக் காப்பாற்ற மாட்டார்கள் என்று விளக்கம். விளக்கம் சொன்னால் சரி என்று தோன்றுகிறது. சொல்லாவிட்டால் பெரிய கையெழுத்துப் போட்ட குறும்பு என்றுதான் தோன்றும். எனக்கு இந்த இடம் அவ்வளவாக ஒட்டவில்லை. அக்காவுக்கு ரொம்பப் பிடித்தது. "நம்ம கோபுரத்துல துப்பாக்கி பிடிச்ச சிப்பாய் பொம்மை இல்லையா? அந்தந்தக் காலத்துக்கு என்ன பார்த்தாங்களோ அதைச் செஞ்சாங்க" என்றாள். பதில் சொல்ல முடியவில்லை.

தோட்டமெங்கும் ஓவியரின் ஆளுயர அட்டைப் படங்கள் நிற்கின்றன. பக்கத்தில் நின்று படம் எடுத்துக்கொள்ளலாம். முதலில் எனக்கு நம் ஊர் கட்அவுட் ஞாபகம் வந்து சிரிப்பு வந்தது. அப்புறம் யோசித்தேன். அப்பா வேலை செய்த எந்தக் கோபுரத்திலும் அவர் பெயர் இல்லை. உபயதாரர் பெயர் இருக்கிறது. ட்யூப்லைட்டின் வெளிச்சத்தையே மறைக்கும் அளவுக்கு இருக்கிறது. இங்கே கைடு பெண் சொன்ன ஒரு விஷயம்: நன்கொடை யார் கொடுத்தாலும் பத்தாயிரம் பாட்டுக்கு மேல் இவர் வாங்குவதில்லை. பெரிய தொகை கொடுத்தவர் நாளைக்கு வந்து, இந்தச் சிலையை அப்படி வை, இப்படி வை என்று சொல்லக் கூடாதாம். அக்கா அட்டைப் படத்தின் தோளில் கைபோடாத குறையாக நின்று படம் எடுத்துக்கொண்டாள்.

ஒரு மணி நேரம்தான் கொடுத்திருந்தார்கள். தங்க நிறத்தில் ஜொலிக்கிற ஒரு கட்டடத்தைப் பார்த்துக் கும்பிடப்போன அக்காவைத் தடுத்து, அது கழிவறை என்று சொல்ல வேண்டியிருந்தது. அப்புறம் ஓர் ஓரமாகப் பட்டறை கண்ணில் பட்டது. அங்கேதான் எங்களுக்கு நேரம் போனது தெரியவில்லை. பாதி முடிந்த நாக வால்கள் வரிசையாகச் சாய்த்து வைத்திருந்தன. ஒரு பெண் தரையில் உட்கார்ந்து, விளிம்பின் பிசிரை அரத்தால் தேய்த்துக்கொண்டிருந்தாள். இன்னொருவர் கண்ணாடிச் சில்லுகளைக் கிண்ணத்திலிருந்து ஒவ்வொன்றாக எடுத்து ஒட்டினார். அக்கா குனிந்து, ஒரு வளைவின் உட்புறத்தைக் காட்டி, கட்டைவிரலால் சாந்தை இழுக்கிற மாதிரி காற்றில் செய்து காட்டினாள். அந்தப் பெண் தலையை ஆட்டி, அதேபோல் காற்றில் இழுத்துக் காட்டினாள். இரண்டு பேருக்கும் பொதுவாக ஒரு வார்த்தைகூடக் கிடையாது.

2014 மே 5ஆம் தேதி இந்த மாவட்டத்தில் பெரிய நிலநடுக்கம் வந்து கோயில் விரிசல் விட்டது, கோபுர நுனி போனது, சுவரோவியங்கள் உதிர்ந்தன. மனம் உடைந்து இதை இடித்துவிடப் போகிறேன் என்றார் ஓவியர். பொறியாளர்கள் வந்து பார்த்து, அடிப்படை உறுதியாக இருக்கிறது என்றதும் மறுபடி கட்டத் துணிந்தார். இதை நான் அக்காவிடம் சொன்னபோது அவள், "அப்பாவும் ஒவ்வொரு கோபுரத்துக்கும் இதே சொல்லுவார், நிலநடுக்கம் வராமலே" என்றாள்.

வேனுக்கு இருபது நிமிடம் தாமதமாக வந்தோம். பத்துப் பேர் எங்களைப் பார்த்த பார்வையை எழுத வேண்டாம்.

மதியம் நீலக் கோயில். வாட் ரோங் சுவா தென். சலெர்ம்சாயிடம் வேலை கற்ற புத்தா கப்கேவ் வடிவமைத்தது. 2005இல் தொடங்கி 2016இல் விஹாரத்தை முடித்துவிட்டார். குரு இன்னும் கட்டிக்கொண்டிருக்கிறார்! உள்ளே எல்லாம் ஆழ்ந்த நீலம், அதன் நடுவே வெண்ணிறப் பெரிய புத்தர். வெளியே கண் கூசியதற்கு இங்கே கண்ணில் எண்ணெய் வைத்த மாதிரி இருந்தது. அக்கா சம்மணம் போட்டு உட்கார்ந்து எழுந்திருக்கவே இல்லை. வாசலில் நீல நிறத் தேங்காய் ஐஸ்கிரீம் விற்கிறார்கள். நிறம் சங்குப்பூவிலிருந்து. "நம்ம வேலியில சும்மா கிடக்கிற பூவை இவங்க காசாக்கறாங்க" என்று சொல்லிக்கொண்டே இரண்டு வாங்கினாள்.

மூன்றாவதாகக் கறுப்பு வீடு, பான் தாம். அது கோயிலே இல்லை. தவான் துச்சானி என்ற ஓவியர், 2014இல் மறைந்தவர், வாழ்ந்து சேர்த்த இடம். கறுத்த மரக் கட்டடங்கள் நாற்பது வரை. உள்ளே எலும்பு, கொம்பு, முதலைத் தோல். அக்கா வாசலோடு நின்றுவிட்டாள். நான் பத்து நிமிடம் சுற்றிவிட்டு வந்தேன். மரவேலை அபாரம், ஆனால் அன்றைக்கு எனக்கு மனதில் இடமில்லை. கழுத்தில் வளையம் அணிந்த பெண்களின் கிராமத்துக்கு, கூடுதல் கட்டணம் கட்டினால் போகலாம் என்றார்கள். "மனுஷங்களைப் பாக்க டிக்கெட்டா?" என்றாள் அக்கா. எங்களோடு இன்னும் நான்கு பேர் வேனிலேயே உட்கார்ந்துவிட்டார்கள்.

திரும்பும்போது இருட்டிவிட்டது. மலையிறக்கத்தில் அக்கா செருப்பைக் கழற்றிப் பார்த்து, "ஐயையோ" என்றாள். அடியில் ஒரு கண்ணாடிச் சில்லு குத்தியிருந்தது. பட்டறையில் மிதித்திருக்க வேண்டும். "சிவன் சொத்து குலநாசம்பாங்க. புத்தர் சொத்துக்கு என்னன்னு கேளுடா" என்றாள். எப்படி மொழிபெயர்ப்பது என்று நான் யோசிப்பதற்குள் சில்லைப் பிடுங்கி, முன்னிருக்கையில் இருந்த கைடு பெண்ணிடம் நீட்டி, "வாட் ரோங் குன்" என்று மட்டும் சொன்னாள். அந்தப் பெண் ஒரு காகிதக் கைக்குட்டையை எடுத்து அதை நான்காக மடித்து வைத்து, பைக்குள் போட்டுக்கொண்டு, நாளைக்கும் அங்கேதான் போகிறேன் என்று ஜாடை காட்டினாள்.